மெதுவாக ஓடிய மரியோ

போன ஓகஸ்டில் நல்லூர்த் திருவிழாவுக்கென்று பாரிஸிலிருந்து வந்திருந்த அக்கா குடும்பம், திரும்பிப் போகையில் வெளிநாட்டுச் சொந்தங்கள் வழமையாக விட்டுப்போவதை விட்டுப்போனது: பாதி முடிந்த ஷாம்பூப் போத்தல்கள், உறை பிரிக்காத சொக்லேற், இரண்டு குளிர்ச்சட்டைகள். கோண்டாவில் வெயிலில் குளிர்ச்சட்டையை யார் போடுவது என்று அம்மா கேட்டுக்கொண்டிருக்கும்போதே, 15 வயது மருமகன் என் கையில் ஒரு கறுப்புப் பொருளைத் திணித்தான். “மாமா, இதை நீங்களே வைத்திருங்கள். என்னிடம் வேறு இருக்கிறது. உங்கள் காலத்து விளையாட்டெல்லாம் இதில் ஏற்றிவிட்டிருக்கிறேன்.” ‘உங்கள் காலத்து’ என்று சொல்லும்போது அவன் முகத்தில் ஒரு மரியாதை தெரிந்தது. பழைய கோயில் தூணைப் பார்க்கிறவர்களின் மரியாதை. எனக்கு வயது 35.

அன்றிரவு எல்லாரையும் வான் ஏற்றி அனுப்பிவிட்டு, விறாந்தையில் சாய்மனைக் கதிரையைப் போட்டு உட்கார்ந்து அதை உயிர்ப்பித்தேன். பெயர்ப் பட்டியலில் முதலில் கண்ணில் பட்டது சூப்பர் மரியோ பிரதர்ஸ். தொடங்கியதும் அந்த இசை வந்தது. ஏறக்குறைய 20 வருடங்களாகக் கேட்காத இசை. ஆனால் முதல் இரண்டு விநாடிக்குள்ளேயே என் காது அதை ஏற்க மறுத்துவிட்டது. சுரங்கள் எல்லாம் சரி, ஒழுங்கும் சரி, ஆனாலும் எங்கோ ஒரு பிழை. பந்திக்குப் பிந்திவிடுவோம் என்ற பயத்தில் தேவாரத்தை ஒப்புவித்து முடிக்கிற பிள்ளையைப்போல அது அவசரப்பட்டது. மரியோவும் அப்படியே. நான் குதிக்க நினைக்கும்போது அவன் ஏற்கெனவே காளானில் மோதியிருந்தான். மூன்று உயிரும் முதலாம் கட்டத்திலேயே போயின. வயது போகிறது என்று எண்ணிக்கொண்டு படுக்கப் போனேன். ஆனால் படுத்த பிறகும் அந்த அவசரம் காதிலிருந்து இறங்கவில்லை. அடுத்து வந்த இரண்டு மாதங்களும் இறங்கவில்லை.

கையில் வந்த கறுப்புப் பெட்டி

மருமகன் தந்தது பிளேஸ்டேஷன் விட்டா. சோனி 2011 டிசம்பரில் ஜப்பானில் வெளியிட்டு, 2019 இல் உற்பத்தியை நிறுத்திவிட்ட கைக்கருவி. அவனுடையது முதல் மாடல், ஓலெட் திரை உள்ளது. கறுப்பு என்றால் கிணற்றுக்குள் பார்ப்பதுபோல் கறுப்பு. 2016 இல் ஒரு குழு இதன் பூட்டை உடைத்தது. கருவியிலுள்ள உலாவியில் ஒரு பக்கத்தைத் திறந்தாலே போதும், சோனி அனுமதிக்காத நிரல்களையும் ஓட்டலாம் என்ற நிலை வந்தது. அந்த வித்தைக்கு அவர்கள் வைத்த பெயர் ஹென்காகு; ஜப்பானிய மொழியில் சீர்திருத்தம் என்று பொருளாம். பூட்டை உடைப்பதற்கு இவ்வளவு கண்ணியமான பெயரை நான் வேறெங்கும் கேட்டதில்லை. சோனியின் தனி வகை நினைவட்டை யானை விலை என்பதால், விளையாட்டு அட்டை செருகும் துளையில் சாதாரண மைக்ரோ எஸ்டி அட்டையைச் செருகுவதற்கு ஒரு குட்டித் தகடு சந்தையில் கிடைக்கிறது. மருமகனின் கருவியிலும் அந்தத் தகடுதான் இருந்தது. அதற்குள் ரெட்ரோஆர்ச் என்ற நிரல். பழைய விளையாட்டுக் கருவிகளைப்போல நடிக்கிற பல நிரல்களை ஒரே கூரையின் கீழ் வைத்திருப்பது அது.

நடிப்பது என்ற சொல்லை வேண்டுமென்றுதான் எழுதினேன். 1983 இல் வந்த நின்டெண்டோவின் ஃபமிகொம் கருவிக்குள் இருந்த சில்லு என்னென்ன செய்ததோ அதையெல்லாம் இந்த நிரல் ஒவ்வொன்றாகச் செய்துகாட்டுகிறது. மரியோ விளையாட்டுக்குத் தான் ஓடுவது சோனியின் கருவியிலா, பழைய நின்டெண்டோவிலா என்பதே தெரியாது. முழு விளையாட்டும் 40 கிலோபைட். அக்கா தினமும் காலையில் வாட்ஸ்அப்பில் அனுப்புகிற பூ வைத்த ‘காலை வணக்கம்’ இதைவிடப் பெரியது.

மருமகன் செய்துவைத்திருந்த சில ஏற்பாடுகளை முதல் வாரத்திலேயே மாற்றினேன். படத்தைத் திரை முழுவதும் இழுத்து விட்டிருந்தான். மரியோ சம்பந்தி வீட்டில் ஒரு மாதம் தங்கிவிட்டு வந்தவனைப்போல அகன்று கிடந்தான். பழைய படம் 256 புள்ளி அகலம், 240 உயரம். விட்டாவின் திரை 960 க்கு 544. ஒவ்வொரு புள்ளியையும் சரியாக இரட்டித்தால் 512 க்கு 480 வரும். மேலும் கீழும் 32 புள்ளிகள் வெறுமையாகக் கிடக்கும், பக்கங்களில் தாராளமாகக் கறுப்பு இருக்கும். அப்படி வைத்தேன். கூர்மை கண்ணைக் குத்தியது, ஆனால் நேர்மையாக இருந்தது. பிறகு ‘உருக்களின் எல்லையை நீக்கு’ என்ற ஒன்றை அணைத்தேன். பழைய சில்லினால் ஒரே கிடைக்கோட்டில் எட்டு உருத் துண்டுகளுக்கு மேல் வரைய முடியாது. அதனால்தான் கொன்ட்ரா என்ற சுடும் விளையாட்டில் எதிரிகள் கூடியதும் எல்லாரும் மினுங்கத் தொடங்குவார்கள். மருமகனுக்கு அது பழுது. எனக்கு அந்த மினுக்கம் வந்தால்தான் ‘இனிச் சாகப்போகிறோம்’ என்ற அறிவிப்பு வந்ததுபோல.

இத்தனை செய்தும் வேகம் மட்டும் பிடிபடவில்லை. பாரிஸுக்குச் செய்தி அனுப்பினேன். “மாமா, விநாடிக்கு 60 படம்தான் சரியான வேகம். ஒரிஜினலும் அதுதான்” என்று பதில் வந்தது. கூடவே, “கஷ்டமாக இருந்தால் என் சேமிப்பு 8-4 இல் இருக்கிறது, அதிலிருந்து தொடங்குங்கள்.” 8-4 என்றால் மரியோவின் கடைசிக் கட்டம். எந்த இடத்திலும் விளையாட்டை நிறுத்தி, அந்த நொடியை அப்படியே ஊறுகாய் போட்டு வைத்து, செத்தால் திரும்பவும் அங்கிருந்தே எழும்பும் வசதி இந்த நிரல்களில் இருக்கிறது. ஒரு பிள்ளை இன்னொருவருக்குத் தரக்கூடிய பெரிய உதவியென்று நினைத்துத்தான் சொல்லியிருப்பான். எனக்கோ பரீட்சை மண்டபத்தில் யாரோ விடைத்தாளை நீட்டியதுபோல் இருந்தது.

ரீவி கேம் வந்த வருடம்

2002 இல் போர்நிறுத்தத்தோடு யாழ்ப்பாணத்துக்கு வரும் ஏ9 பாதை திறந்தபோது கொழும்பிலிருந்து வந்து இறங்கிய சாமான்களைப் பற்றி ஒவ்வொரு வீட்டிலும் ஒரு கதை இருக்கும். எங்கள் வீட்டுக் கதை, சின்ன மாமா புறக்கோட்டையில் வாங்கி, லொறியில் வந்த ஒருவரிடம் கொடுத்துவிட்ட சாம்பல் நிறப் பெட்டி. அதில் எந்த நிறுவனத்தின் பெயரும் நம்பும்படியாக எழுதியிருக்கவில்லை. கூடவே ஒரு மஞ்சள் கசற். அதன் மேல் ‘9999999 இன் 1’. 12 வயதில் இந்த எண்ணை நான் முழுமையாக நம்பினேன். ஒரு நாளைக்குப் பத்து விளையாட்டு விளையாடினால் எத்தனை வருடம் ஆகும் என்று கொப்பியின் பின் அட்டையில் பிரித்துப் பார்த்ததும் நினைவிருக்கிறது. உள்ளே இருந்தது உண்மையில் ஏழெட்டு விளையாட்டுத்தான்; மற்றதெல்லாம் அதே மரியோ வேறு கட்டத்திலிருந்து, அதே டாங்கி வேறு நிறத்தில். இன்று கணக்கெழுதிப் பிழைக்கிறவன் நான். என் வாழ்க்கையில் பார்த்த முதல் பொய்க் கணக்கு அந்தக் கசற்தான்.

அதை இயக்குவதே ஒரு சடங்கு. அன்ரெனா வயரைக் கழற்றி, கேமின் வயரைச் செருகி, அலைவரிசையைத் தேடித் திருகினால் முதலில் எறும்புக் கூட்டம், பிறகு கறுப்பு வெள்ளையில் மரியோ, இன்னும் ஒரு மயிரிழை திருகினால் நிறம் வரும். கசற் பிடிக்காவிட்டால் எடுத்து ஊதிச் செருக வேண்டும். அடப்ரர் அரை மணியில் அடுப்புக்கல் மாதிரிச் சூடேறும். அதை வெறும் சீமெந்துத் தரையில் வைத்துக் குளிரவிடுவது என் வேலை. விளையாடுவது அண்ணாவின் வேலை. அவர் செத்தால் என் முறை. நான் செத்தால் அவர் முறை. அவர் சாவதற்கு நேரமெடுக்கும், நான் அவரை அவ்வளவு காத்திருக்க வைத்ததில்லை.

இரண்டு பேரும் சேர்ந்து விளையாடக்கூடியது டாங்கி. பற்றில் சிற்றி என்ற அதன் பெயர் எங்களுக்குத் தெரியாது. கீழே நடுவில் செங்கல் சுவருக்குள் ஒரு கழுகு. அதன் இடப்பக்கம் அண்ணாவின் மஞ்சள் டாங்கி, வலப்பக்கம் என் பச்சை. ஒருவர் மற்றவரைச் சுட்டால் சுடுபட்டவர் சாகமாட்டார், கொஞ்ச நேரம் அசையமுடியாமல் நின்று மினுங்குவார். நட்சத்திரம் விழும்போதெல்லாம் அண்ணா முதலில் என்னைச் சுட்டுவிட்டுத்தான் அதை எடுக்கப் போவார். சமாதான காலம்தான், ஆனால் சந்தியில் இருந்த காவலரண் அப்படியே இருந்தது. டாங்கி தொடங்கினால் அம்மா குசினியிலிருந்து வந்து சத்தத்தைக் குறைத்துவிட்டுப் போவார். மரியோவுக்கு அப்படிச் செய்யமாட்டார். விட்டாவில் டாங்கியையும் ஒரு முறை திறந்தேன். பழக்கத்தில் இரண்டு பேர் என்று தெரிவுசெய்துவிட்டேன். கைக்கருவியில் இரண்டாவது ஜோய்ஸ்டிக் ஏது? பச்சை டாங்கி கழுகின் பக்கத்தில் நின்ற இடத்திலேயே நின்று, குண்டு பட்டுப் பட்டு மூன்று உயிரையும் தொலைத்தது. பிறகு அதைத் திறக்கவில்லை.

ஜெனரேற்றர்மேல் பழி

இனி வேகத்துக்கு வருகிறேன். ஸ்காபரோவிலிருக்கும் அண்ணாவை ஒரு ஞாயிற்றுக்கிழமை தொலைபேசியில் பிடித்தேன். மரியோ வேகமாக ஓடுகிறான் என்றேன். யோசிக்காமல் சொன்னார்: “அப்போது நாங்கள் விளையாடியது ஜெனரேற்றரில். அதில் எல்லாம் மெதுவாகத்தான் ஓடும். மின்விசிறி எப்படிச் சுற்றியது என்று மறந்துவிட்டாயா?” மறக்கவில்லை. ஜெனரேற்றர் களைத்தால் மின்விசிறியும் களைக்கும், குமிழ் விளக்கு தேயிலைச் சாயத்தின் நிறத்துக்கு வரும். ஆகவே மரியோவும் களைத்திருப்பான் என்ற விளக்கம் அழகாகப் பொருந்தியது. இரண்டு நாள் அதை நம்பியும் இருந்தேன். எங்கள் ஊரில் எந்தப் பிழைக்கும் கறண்டின்மேல் பழி போட்டால் யாரும் எதிர்க் கேள்வி கேட்கமாட்டார்கள்.

ஆனால் அது பொய். அடப்ரர் மின்சாரத்தை நேர்மின்னாக்கித்தான் பெட்டிக்குள் அனுப்புகிறது; பெட்டிக்குள் சில்லுக்குத் தாளம் போடுவது ஒரு பளிங்குத் துண்டு. கைக்கடிகாரத்துக்குள் இருக்கிறதே, அதன் இனம். மின்னழுத்தம் விழுந்தால் படம் போகலாம், பெட்டி அணைந்துபோகலாம். மரியோ நிதானமாக நடக்கமாட்டான். அவன் நடையைத் தீர்மானிப்பது வேறொன்று. படம் வரைகிற சில்லு ஒரு முழுப் படத்தை வரைந்து முடித்ததும் ஒரு மணி அடிக்கும். அந்த மணி அடித்தால்தான் விளையாட்டு அடுத்த அடியை வைக்கும். இசையும் அடுத்த எட்டுக்கு நகரும். ஜப்பானிலும் அமெரிக்காவிலும் தொலைக்காட்சி விநாடிக்கு 60 படம் கேட்டது, ஆகவே 60 மணி. எங்களுடைய பால் (PAL) முறைத் தொலைக்காட்சி கேட்டது 50. 60 மணிக்கென்று எழுதப்பட்ட விளையாட்டை 50 மணிப் பெட்டியில் போட்டால், மரியோவின் ஒவ்வொரு ஆறாவது அடியும் அடுத்த விநாடிக்குத் தள்ளிப்போகும். இதில் வேடிக்கை என்னவென்றால், தொலைக்காட்சிக்கு அந்த 50 வந்ததே மின்சாரம் 50 சுற்று ஓடுகிற நாடுகளில் என்பதால்தான். ஆக அண்ணா சொன்னதில் ஒரு கால் உண்மை இருந்தது. குற்றவாளி எங்கள் வீட்டு ஜெனரேற்றர் இல்லை, அதன் முப்பாட்டன்.

இது தெரிந்ததும் ரெட்ரோஆர்ச்சில், எந்த நாட்டுக் கருவியைப்போல நடிப்பது என்று தெரிவுசெய்யும் இடத்தைத் தேடினேன். ‘பால்’ என்று ஒன்று இருந்தது; வைத்தேன். வேகம் குறைந்தது. ஆனால் இப்போது இசை சளி பிடித்தவன் பாடியதுபோல் கீழே இறங்கிவிட்டது. ஏமாற்றமாக இருந்தது. அப்படியென்றால் என் காதுதான் பொய் சொல்கிறதா? பட்டியலில் அதற்குக் கீழே இன்னொரு பெயர் இருந்தது: டென்டி. என்ன என்று தெரியாமலே அதை அழுத்தி, மரியோவை முதலிலிருந்து தொடங்கினேன்.

இசை வந்தது. சுருதி உயரத்தில் அப்படியே நின்றது, நடை மட்டும் தளர்ந்திருந்தது. இதை எழுதிக் காட்டமுடியுமா தெரியவில்லை. மூன்றாவது நான்காவது சுரத்துக்கிடையே ஒரு சின்ன இடைவெளி, அதற்குள் அண்ணா வழமையாக நாரியை நிமிர்த்திச் சப்பாணி கட்டி உட்காருவார். அந்த இடைவெளி திரும்பி வந்திருந்தது. நான் காளானுக்கு மேலாக, நினைத்த நேரத்தில், குதித்தேன்.

டென்டி என்பது ரஷ்யாவில் 1992 இல் ஸ்டீப்லர் என்ற நிறுவனம் விற்கத் தொடங்கிய போலி ஃபமிகொமின் பெயர். யானைதான் அதன் சின்னம். நின்டெண்டோ அதுவரை எட்டிப் பார்க்காத நாட்டில் ஒரு தலைமுறை முழுவதும் அதில்தான் விளையாடி வளர்ந்தது. தாய்வானில் செய்த அந்த வகைப் போலிச் சில்லுகளுக்கு ஒரு தனிக் குணம் இருந்தது. நின்டெண்டோ ஐரோப்பாவுக்கென்று செய்த அசல் கருவியில் சில்லின் கடிகாரத்தையே 1.79 மெகாஹேர்ட்ஸிலிருந்து 1.66 க்கு இறக்கியிருந்தார்கள். சுருதி அந்தக் கடிகாரத்திலிருந்து வருகிறது, தாளம் படங்களின் எண்ணிக்கையிலிருந்து வருகிறது. எனவே 60 க்கென்று எழுதிய விளையாட்டை மாற்றாமல் அதில் போட்டால் இரண்டும் விழும், சுருதி அரைச்சுரத்துக்கும் மேலாகவே விழும். போலிக்காரர்கள் கடிகாரத்தை 1.77 இல் வைத்துக்கொண்டு 50 படம் மட்டும் வரையவைத்தார்கள். கறுப்புச் சந்தையில் கிடைக்கிற ஜப்பானியக் கசற் எதுவும் தடுமாறாமல் ஓடவேண்டும் என்பதுதான் அவர்கள் கவலை. அதனால் சுருதி தப்பியது, தாளம் மட்டும் தளர்ந்தது. என் காதில் இருந்தது இந்தச் சேர்மானம். நின்டெண்டோ எந்த நாட்டிலும் விற்காத ஒரு சேர்மானம். ரஷ்யாவில் யாரோ ஒருவர் தன் சிறுவயதைக் காப்பாற்ற இதை நிரலுக்குள் எழுதியிருக்கவேண்டும்; கோண்டாவிலில் ஒருவனுக்கும் அது பொருந்தியது.

அக்காவின் சாமத்திய வீடு

மருமகனுக்கு வெற்றியோடு அறிவித்தேன். அவன் அசரவில்லை. “மாமா, உங்களுக்கு மெதுவாக இருந்தால் விளையாடச் சுலபம். அதனால் பிடித்திருக்கிறது. அதை ஏன் ஞாபகம் என்கிறீர்கள்?” என்று எழுதியிருந்தான். மறுமொழி எழுத உட்கார்ந்து, எழுதமுடியாமல் எழும்பினேன். 50 ஐக் கேட்டதும் எனக்கு உண்டானது அடையாளம் கண்ட மகிழ்ச்சியா, அல்லது சாகாமல் தப்பிய மகிழ்ச்சிக்கு நான் வைத்த பெயரா? எங்கள் சாம்பல் பெட்டிக்குள் அந்தத் தாய்வான் சில்லுத்தான் இருந்தது என்பதற்கு என்னிடம் என்ன இருக்கிறது? பெட்டி 2006 இல், ஊரடங்கு மாலைகளில், கடைசியாகப் பாடுபட்டது. பிறகு ஒரு மழைக்காலத்தில் கறையான் பிடித்த சாமான்களோடு போய்விட்டது.

கார்த்திகையில் ஒரு மாலை அம்மா அலுமாரியிலிருந்து அக்காவின் சாமத்திய வீட்டு டிவிடியை எடுத்துப் போடச் சொன்னார். அக்கா வந்து போன ஒவ்வொரு தடவையும் கொஞ்ச நாளில் இதைப் போட்டுப் பார்ப்பது அவர் வழக்கம், வேறொன்றும் சொல்லமாட்டார். 2002 இன் கடைசியில் நடந்த சடங்கு. வீடியோக் கசற்றில் எடுத்து, பல வருடம் கழித்து டிவிடிக்கு மாற்றியது. அது எங்கள் எல்லாருக்கும் மனப்பாடம்: ரோஜாப்பூ விரிந்து அதற்குள் அக்கா வருவார், பிறகு பால் அறுகு, பிறகு ஆராத்தி. மனப்பாடம் என்பதாலேயே யாரும் தொடக்கத்தைக் கவனித்ததில்லை. பூ விரிவதற்கு முன்னால், தொகுத்தவர் வெட்ட மறந்த ஒரு துண்டு இருக்கிறது. வீடியோக்காரர் கமராவைக் காலில் நிறுத்தி, ஓடவிட்டுவிட்டு, பெரிய லைற்றைச் சரிபார்க்கப் போயிருக்கிறார். கமரா தன்பாட்டில் எங்கள் கூடத்தைப் பார்த்துக்கொண்டிருக்கிறது. அம்மம்மா வெற்றிலைத் தட்டோடு குறுக்கே போகிறார். பிறகு அவர் விலக, தொலைக்காட்சி. அதில் மரியோ, நிலத்துக்குக் கீழே, நீலச் செங்கல்களுக்கிடையில். முன்னால் வேட்டியை மடித்துக் கட்டிய அண்ணா. பக்கத்தில், புதுச் சட்டையின் விலைத்துண்டு கழுத்தில் தொங்க, நான்.

கதிரையை இழுத்துக்கொண்டு திரைக்குக் கிட்டப் போனேன். மரியோ விளையாட்டில் வலது மேல்மூலையில் ஒரு நேரக்கணக்கு 400 இலிருந்து இறங்கிக்கொண்டிருக்கும். அது விநாடி கிடையாது. 24 படங்களுக்கு ஒரு தடவை ஒன்று குறையும். 60 படம் ஓடினால் 50 எண்கள் இறங்க 20 விநாடி, 50 படம் ஓடினால் 24 விநாடி. பழைய கசற்றின் மங்கலுக்குள்ளும் அந்த மூன்று வெள்ளை இலக்கங்கள் தெரிந்தன. எதைக் கொண்டு அளப்பது? கசற் டிவிடியாக மாறியபோது வேகம் மாறியிருந்தால் என் கைத்தொலைபேசிக் கணக்குச் செல்லாது. அப்போதுதான் தொலைக்காட்சிக்கு மேலே, சுவரில், பெரியப்பாவின் கல்யாணத்துக்கு வந்து எங்கள் வீட்டில் தங்கிவிட்ட வட்டக் கடிகாரத்தைக் கண்டேன். சிவப்பு விநாடி முள். அதே கமரா, அதே சட்டகம். படம் மெதுவாக ஓடினால் கடிகாரமும் சேர்ந்து மெதுவாக ஓடும். ஏமாற்ற வழியே இல்லை.

திரையில் 362 வந்தபோது முள் நாலுக்கு நேரே நின்றது. நான் முள்ளின் துடிப்புகளை எண்ணினேன். அம்மா, “என்ன எண்ணுகிறாய்?” என்றார். கையால் மறித்தேன். பத்து, பதினொன்று. அண்ணா ஒரு குழாய்க்கு மேலேறி நிற்கிறார். பதினெட்டு, பத்தொன்பது, இருபது. திரையில் 320 ஐ அண்டிய ஓர் எண். மருமகன் சொன்னபடி என்றால் இந்த நேரம் 312 வந்திருக்கவேண்டும். வரவில்லை. இருபத்தொன்று, இருபத்திரண்டு. 312 விழுந்தபோது நான் இருபத்துநாலை எண்ணிக்கொண்டிருந்தேன். திரும்பப் பின்னுக்கு ஓட்டி மூன்று தடவை எண்ணினேன். மூன்று தடவையும் இருபத்துநாலு. நான்காவது தடவைக்கு அம்மா றிமோட்டைப் பறித்துக்கொண்டார். அவருக்கு ரோஜாப்பூ விரியவேண்டும்.

சரி எது

இந்தக் கருவிகளைப்போல நடிக்கிற நிரல்களை எழுதுகிறவர்களுக்குத் துல்லியம் ஒரு மதம். ஒரு சில்லின் ஒரு துடிப்புக்காக மாதக்கணக்கில் மண்டையை உடைப்பவர்கள் அவர்கள். அவர்களைக் கேலி செய்ய எனக்குத் தகுதியில்லை. துல்லியம் என்றால் பெரும்பாலும் ஜப்பானிலும் அமெரிக்காவிலும் கடையில் விற்ற அசல் பெட்டிக்கு உண்மையாக இருப்பது. எங்களிடம் அந்த அசல் வரவேயில்லை. யாழ்ப்பாணத்துக்குப் படமும் பாட்டும் வந்த வழியையே பாருங்கள்: பிரதியின் பிரதியைப் பிரதி எடுத்துத்தான் கேட்டோம், பார்த்தோம். இது திருட்டுத்தான், மறுக்கவில்லை. அந்த மஞ்சள் கசற்றைச் செய்தவருக்கு நின்டெண்டோவின் வாசல் தெரியாது, எங்களுக்கு அவருடைய வாசல் தெரியாது. மருமகன் ஏற்றித் தந்த கோப்புகளின் கதையும் அதுவே. ஆனால் கண்ணால் கண்டது அந்தப் பிரதியை என்றால், ஞாபகத்துக்கு அதுதான் அசல். மருமகனுக்கு ஒன்று எழுதினேன்: உன்னுடைய பிரான்சிலும் அந்த நாளில் பிள்ளைகள் 50 இல்தான் விளையாடினார்கள், போய் உன் நண்பர்களின் தகப்பன்மாரைக் கேள் என்று. அசல் பெட்டியில், அசல் விலைக்கு.

எல்லாம் பொருந்திவிட்டது என்றும் சொல்லமாட்டேன். விட்டாவின் திரை 60 க்கென்று செய்தது. 50 படங்களை அதில் காட்டினால் ஐந்துக்கு ஒன்று இரட்டிப்பாக விழுகிறது. மரியோ ஓடும்போது பின்னணி ஒரு துளி திக்குகிறது. பழைய தொலைக்காட்சியில் இந்தத் திக்கல் இல்லை. ஆக நான் காதுக்கு உண்மையைக் கொடுத்து, கண்ணுக்குப் பொய்யைக் கொடுத்திருக்கிறேன். ஆரம்பத்தில் எரிச்சலாக இருந்தது. இப்போது இசையைக் கேட்டுக்கொண்டு விளையாடினால் கண் தன்பாட்டில் பேசாமல் இருக்கிறது.

வீடியோத் துண்டைக் கைத்தொலைபேசியில் பிடித்து இரண்டு பேருக்கும் அனுப்பினேன். அண்ணா 50 ஐயும் 60 ஐயும் தொடவேயில்லை. “படத்தில் விளையாடுவது நான், பார்த்துக்கொண்டிருப்பது நீ. அதை முதலில் மருமகனுக்குச் சொன்னாயா?” என்று ஒலிப்பதிவில் ஒரு சிரிப்பு. மருமகனிடமிருந்து அரை மணி சத்தமில்லை. அவனும் முள்ளை எண்ணிக்கொண்டிருந்திருக்கிறான். பிறகு எழுதினான்: “சரி மாமா. 24 தான். ஒத்துக்கொள்கிறேன்.” அதற்குக் கீழே, நான் மகிழ்ந்து முடிப்பதற்குள், இன்னொன்று. “ஆனால் இவ்வளவு மெதுவாக ஓடியும் நீங்கள் இரண்டு பேரும் 8-4 ஐப் பார்த்ததேயில்லையா?”

பார்த்ததில்லை. 8-3 இல் சோடி சோடியாக நின்று சுத்தியல் எறிகிறவர்களைத் தாண்டி நாங்கள் போனதேயில்லை. அண்ணா ஒரே ஒரு தடவை கடைசிச் சோடி வரை போய், கறண்ட் நின்றது என்று இன்றுவரை சொல்லிக்கொண்டிருக்கிறார். விட்டாவுக்குக் கறண்ட் நிற்காது. மின்கலம் நாலு மணித்தியாலம் தாங்குகிறது. நேற்றிரவு டென்டியில், சேமிப்பு எதையும் தொடாமல், இரண்டாவது சோடி வரை போனேன். சுத்தியல் மெதுவாகத்தான் வந்தது. வருவது தெளிவாகத் தெரிந்தது.